பொறுமையும் பேசாமையும்

அய்யாவின் அன்புக்கொடி மக்களே, போன மாதம் உச்சிப்படிப்பு முடிந்த பிறகு இந்த விஷயத்தைப் பற்றித் தாங்கலில் பத்து நிமிடம் பேசினேன். கேட்டவர்களில் சிலர் இதை எழுதிக் கொடுங்கள் என்றார்கள். நான் பத்தாம் வகுப்பு வரை படித்தவன். முப்பது வருடம் அம்பத்தூர் தொழிற்பேட்டையில் லேத்தில் நின்றவன். எழுத்தில் குறை இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள். பொருளில் குறை இருந்தால் ஞாயிற்றுக்கிழமை வந்து நேரில் சொல்லுங்கள்.

அய்யா நமக்குத் தந்த உபதேசங்களில் நம் வீட்டுக் குழந்தைக்கும் தெரிந்தது பொறுமை. யாராவது ஏசினாலும் பொறு, அடித்தாலும் பொறு, காலம் வரும் என்பது நாம் பாலோடு குடித்தது. ஆனால் நம்மில் ஆண்கள் இந்த உபதேசத்தை ஒரு பக்கமாகப் பிடித்துக்கொண்டிருக்கிறோம் என்று எனக்குச் சில வருடங்களாகத் தோன்றுகிறது. பொறுமை என்றால் வாய் திறக்காமல் இருப்பது என்று எடுத்துக்கொண்டோம். வலித்தாலும் சொல்லாதவன் நல்ல ஆண், சொல்லிவிட்டால் குறைந்தவன் என்று ஒரு கணக்கு. இந்தக் கணக்கை அய்யா போட்டாரா, நாம் போட்டுக்கொண்டோமா என்பதைத்தான் பார்க்க வேண்டும்.

நம் தாங்கலுக்கு வருகிற ஆண்கள் யார் யார் என்று ஒருமுறை நினைத்துப் பாருங்கள். 1960-களில் ஆவடியில் டாங்கித் தொழிற்சாலையும் அம்பத்தூரில் தொழிற்பேட்டையும் வந்த பிறகு தெற்கே இருந்து வந்தவர்களும் அவர்கள் பிள்ளைகளும் ஒரு பங்கு. பாடி, கொரட்டூர், திருமுல்லைவாயில், பூந்தமல்லி என்று மளிகைக் கடைகளில் நிற்கிறவர்கள் இன்னொரு பங்கு. கடையில் நிற்கிறவருக்கு விடியுமுன் பால் வண்டி வரும். இரவு பதினொன்றுக்கு ஷட்டர் இறங்கும். மேலே பரணில் அரிசி மூட்டைக்கும் எண்ணெய் டின்னுக்கும் நடுவே படுக்கை. ஒரு நாளைக்கு இருநூறு பேரோடு பேசுகிறார். "என்ன வேணும், எவ்வளவு, சில்லறை இல்லக்கா." இதைப் பேச்சு என்று சொல்ல முடியுமா? தொழிற்பேட்டையில் ஒப்பந்தக் கூலிக்குப் போகிறவர்கள் மூன்று பேராக ஓர் அறை எடுப்பார்கள். ஆளுக்கு ஒரு ஷிப்ட். ஒருவர் பாயை விட்டு எழும்பும்போது மற்றவர் வந்து படுப்பார். ஒரே அறையில் ஒரு வருடம் இருந்தும் ஒருவர் முகம் ஒருவருக்குச் சரியாகத் தெரியாது.

ஊரில் இருக்கிற நம் அப்பாமாரையும் இதில் சேர்க்க வேண்டும். பிள்ளைகள் எல்லாம் சென்னையிலும் கல்ஃபிலும். ஞாயிற்றுக்கிழமை போன் போட்டால் அப்பா எடுப்பார். "இங்க எல்லாம் நல்லாத்தான் இருக்கு, நீ உன் சோலியப் பாரு, இந்தா அம்மாகிட்ட பேசு" என்று அரை நிமிடத்தில் போனைக் கைமாற்றிவிடுவார். எங்கள் அப்பாவும் அப்படித்தான். அம்மா காலமான பிறகு போட்ட முதல் போனிலும் "இந்தா" என்றார். அதற்குப் பிறகு ஒன்றும் சொல்லவில்லை. போனைக் கொடுக்க வீட்டில் ஆள் இல்லை என்பது அவருக்கு அந்த நேரத்தில்தான் தெரிந்தது போல. நானும் ஒன்றும் சொல்லாமல் வைத்துவிட்டேன்.

இனி என்னுடைய தவறு ஒன்றைச் சொல்ல வேண்டும்.

நம் தாங்கலுக்கு ஒரு தம்பி மூன்று வருடம் தவறாமல் வந்துகொண்டிருந்தார். திருநெல்வேலிச் சீமைக்காரர். பூந்தமல்லிப் பக்கம் ஒரு கடையில் வேலை. நாற்பது வயதுக்கு மேல் இருக்கும். ஞாயிற்றுக்கிழமை உச்சிப்படிப்புக்கு ஒரு மணி நேரம் முன்னால் வந்து, தண்ணீர் பிடித்து வைப்பார், விளக்குகளைப் புளி போட்டுத் துலக்குவார், செருப்பு விடும் இடத்தைக் கூட்டுவார். தலைப்பாகை கட்டிக்கொண்டு கடைசி வரிசையில் தூணோரம் நிற்பார். "எப்படித் தம்பி இருக்கீங்க?" என்றால் "அய்யா புண்ணியத்துல நல்லா இருக்கேன் அண்ணாச்சி." மூன்று வருடமும் இந்த ஒரே பதில்தான்.

ஒரு ஆடி மாத ஞாயிறு. பள்ளியறையில் பணிவிடை செய்துகொண்டிருந்தேன். நம் பள்ளியறையில் சிலை இல்லை, கண்ணாடி இருக்கிறது. உன்னில் இருக்கிற அய்யாவைப் பார் என்பதற்கு அந்தக் கண்ணாடி என்று நாம் எல்லோருக்கும் சொல்லுகிறோம். ஆனால் கண்ணாடிக்கு முன்னால் நிற்கிறவனுக்குத் தன் முகம் மட்டுமா தெரியும்? பின்னால் நிற்கிறவர் முகமும் தெரியும். அன்று தூணோரம் நின்ற தம்பியின் முகம் கண்ணாடியில் தெரிந்தது. கண்ணிலிருந்து தண்ணீர் நிற்காமல் ஓடிக்கொண்டிருந்தது. நான் என்ன நினைத்தேன் தெரியுமா? பக்தியில் உருகுகிறார் என்று நினைத்தேன். நினைத்ததோடு விட்டிருந்தாலும் பரவாயில்லை. அன்னதர்மம் நடக்கும்போது எழுந்து நின்று, "இந்தத் தம்பியப் பாருங்க. மூணு வருஷமா ஒரு குறை அவர் வாயில வந்ததில்ல. அய்யா சொன்ன பொறுமை இதுதான்" என்று எல்லோர் முன்னிலையிலும் சொன்னேன். எல்லோரும் தலையாட்டினார்கள். தம்பி கையெடுத்துக் கும்பிட்டார்.

அதன் பிறகு இரண்டு வாரம் வந்தார். பிறகு வரவில்லை. கடை மாறியிருப்பார் என்று நாங்களும் விட்டுவிட்டோம்.

எட்டு மாதம் கழித்து இன்னொரு கடைக்காரத் தம்பி சொல்லித்தான் தெரிந்தது. அந்த ஞாயிற்றுக்கு மூன்று நாள் முன்னால் அவருடைய அம்மா ஊரில் காலமாகியிருக்கிறார். முதலாளி ஏதோ கல்யாணத்துக்கு வெளியூர் போயிருந்தார். கடையில் இவர் ஒருவர்தான். சாவியை யாரிடம் கொடுப்பது? ரயில் பிடித்தாலும் மறுநாள்தான் போய்ச் சேர முடியும். வெயிலில் உடலை வைத்திருக்க முடியாது என்று ஊரில் எடுத்துவிட்டார்கள். மூன்று நாள் அரிசியும் பருப்பும் நிறுத்துக் கொடுத்துவிட்டு, ஞாயிற்றுக்கிழமை மதியம் கடையைச் சாத்திவிட்டு நம்மிடம் வந்திருக்கிறார். வந்த இடத்தில்தான் நான் அவருக்கு அந்தப் பட்டத்தைக் கொடுத்தேன்.

மறு தை மாதம் ஊருக்குப் போனபோது விசாரித்து அவர் வீட்டுக்குப் போனேன். வாழைத்தார் ஏற்றும் வேலை பார்த்துக்கொண்டிருந்தார். மன்னிப்புக் கேட்டேன். சிரித்தார். "நீங்க சொன்னது சந்தோசமாத்தான் இருந்துச்சு அண்ணாச்சி. ஆனா அதுக்கப்புறம் அங்க வந்து அழ முடியாதுல்லா" என்றார்.

அன்று இரவு கன்னியாகுமரி எக்ஸ்பிரசில் திரும்பும்போது தூக்கம் வரவில்லை. அய்யாவின் சரித்திரத்தை மனதில் ஓட்டிப் பார்த்துக்கொண்டே வந்தேன். அய்யா எங்கே பொறுத்தார், எப்படிப் பொறுத்தார் என்று அப்போதுதான் ஒவ்வொன்றாகக் கவனித்தேன்.

1833-ம் ஆண்டு மாசி மாதம் திருச்செந்தூர்க் கடலிலிருந்து வந்து பூவண்டன்தோப்பில் அய்யா தவமிருந்தார். இரண்டிரண்டு ஆண்டாக ஆறு ஆண்டு. முதல் இரண்டு ஆண்டு ஆறடிக் குழிக்குள். தனிமை என்றால் அதைவிடத் தனிமை உண்டா? ஆனால் அந்த மூன்று தவசும் எதற்காக என்று நமக்குச் சொல்லப்பட்டிருக்கிறது. ஒன்று யுகத்துக்காக, ஒன்று சாதிக்காக, ஒன்று பெண்ணுக்கும் முன்னோருக்கும். ஒன்றுகூடத் தம் துக்கத்தை மூடி வைப்பதற்காக இல்லை. தவமிருந்த இடத்துக்கு மக்கள் கூட்டம் கூட்டமாக வந்தார்கள். தண்ணீரும் மண்ணும் வாங்கிப் போனார்கள். தங்கள் நோயைச் சொன்னார்கள், பஞ்சத்தைச் சொன்னார்கள், வரியைச் சொன்னார்கள். தலைக்கு வரி, பனைக்கு வரி, ஏறும் ஏணிக்கும் தளைநாருக்கும் வரி என்று நசுங்கிக் கிடந்த சனங்கள் அவர்கள். அவர்களைப் பார்த்து அய்யா "பேசாமல் பொறு" என்று திருப்பி அனுப்பியிருந்தால் இன்றைக்கு அய்யா வழி ஏது?

அடுத்து சிறை. திருவனந்தபுரம் சிங்காரத்தோப்பில் 110 நாள். அந்த நாட்களில் நடந்த சோதனைகளை ஏடு வாசிப்பில் வருடா வருடம் கேட்கிறோம். எல்லாவற்றையும் பொறுத்தார். ஆனால் விடுதலைக்கு ஒரு நிபந்தனை வந்ததே, உன் சாதிக்காரரோடு மட்டும் இருந்துகொள், மற்றவரைச் சேர்க்காதே, இதற்கு ஒப்பம் கொடு என்று? அதற்கு அய்யா ஒப்பினாரா? மாட்டேன் என்று வாய் திறந்து சொன்னார். வலியைப் பொறுத்தவர், மனிதரை விட்டுத் தனியே இருக்கச் சொன்னதைப் பொறுக்கவில்லை. இந்த இடத்தை நான் எத்தனை வருடம் வாசித்திருக்கிறேன்! சாதி விஷயமாக மட்டும்தான் புரிந்துவைத்திருந்தேன்.

அதற்குப் பிறகு வந்தது துவையல் தவசு. வாகைப்பதியிலும் முட்டப்பதியிலும் எழுநூறு குடும்பங்கள். ஆண் மட்டும் போகவில்லை. பெண்டு பிள்ளைகளோடு போனார்கள். பச்சரிசியும் சிறுபயறும் சேர்த்துப் பொங்கி ஒரு வேளை உண்டு, கடலில் குளித்து, துணி துவைத்து, கடற்கரையில் கிடந்தார்கள். குழியில் தாம் ஒருவராக இருந்த அய்யா, மக்களைத் தவத்துக்கு அனுப்பும்போது ஒவ்வொருவராகக் குழி தோண்டிக்கொள்ளச் சொல்லவில்லை. கூட்டமாக அனுப்பினார். முத்திரிக்கிணற்றைச் சுற்றி எல்லோரையும் நிறுத்தினார். ஒரே பந்தியில் உட்கார வைத்தார். ஊருக்கு ஊர் தாங்கல் வைக்கச் சொன்னார். தாங்கல் என்ற பேரைப் பாருங்கள். தாங்குகிற இடம். சுமப்பவன் ஒருவனாகவே சுமந்தால் போதும் என்றால் தாங்கல் எதற்கு?

நம்மில் சிலர் இதற்குப் பதில் வைத்திருப்பார்கள். "எங்கப்பன், பாட்டன் எல்லாம் இப்படிப் பேசிக்கிட்டா இருந்தான்? பனையேறினான், கஞ்சி குடிச்சான், படுத்தான்" என்பார்கள். அதனால் என் அப்பாவைப் பற்றியும் கொஞ்சம் சொல்கிறேன். அவர் பனையேறி. மாசி தொடங்கினால் ஆடி வரை காலையும் மாலையும் நாற்பது பனை. தளைநார் காலில், அருவாப்பெட்டி இடுப்பில். மேலே போய்ப் பாளையைச் சீவி, கலயத்தை மாற்றிச் சுண்ணாம்பு தடவி, இறங்கி அடுத்த மரம். வேலை நேரத்தில் பக்கத்தில் ஆள் கிடையாது. காற்றும் ஓலைச் சத்தமும்தான். நான் சின்னப் பிள்ளையாக இருந்தபோது பதனீர்க் குடத்தோடு கீழே நிற்பேன். உச்சிக்குப் போனதும் அப்பா ஒரு கூவு கூவுவார். தூரத்து மரத்திலிருந்து சித்தப்பா திருப்பிக் கூவுவார். அதற்கு அப்பால் இன்னொருவர். வார்த்தை ஒன்றும் இருக்காது, சத்தம் மட்டும். எனக்கு விளையாட்டாக இருக்கும். ஒருநாள் சித்தப்பாவிடமிருந்து சத்தம் வரவில்லை. அப்பா மறுபடி கூவினார். வரவில்லை. அப்பா பாளையை அப்படியே விட்டுவிட்டுச் சறுக்கி இறங்கி ஓடினார். சித்தப்பா மட்டை பெயர்ந்து விழுந்து மரத்தடியில் கிடந்தார். இடுப்பு போனது, உயிர் தங்கியது.

நாம் அப்பாமாரின் மௌனத்தை மட்டும் எடுத்துக்கொண்டு வந்துவிட்டோம். அந்தக் கூவலை ஊரிலேயே விட்டுவிட்டோம். போனில் "இந்தா" என்ற என் அப்பாவும் ஒரு கூவுதான் கூவினார். நான்தான் திருப்பிக் கூவவில்லை.

இது நம் சமுதாயத்தின் பிரச்சினை மட்டும் என்று நினைக்க வேண்டாம். இங்கிலாந்து அரசாங்கம் 2018-ல் தனிமைப் பிரச்சினையைப் பார்ப்பதற்கென்றே ஓர் அமைச்சரை நியமித்தது. பேப்பரில் படித்தபோது சிரித்தேன். இப்போது சிரிக்க முடியவில்லை. நம் நாட்டிலேயே தேசிய குற்ற ஆவணக் காப்பகத்தின் கணக்குப்படி 2022-ல் 1,70,924 பேர் தங்கள் உயிரைத் தாங்களே மாய்த்துக்கொண்டார்கள். நூற்றுக்கு எழுபதுக்கு மேல் ஆண்கள். மொத்தத்தில் கால் பங்குக்கு மேல் தினக்கூலிகள். மாநில வாரியாகப் பார்த்தால் மகாராஷ்டிரத்துக்கு அடுத்து நம் தமிழ்நாடு. இவர்களில் எத்தனை பேர் முந்தின நாள் "நல்லா இருக்கேன் அண்ணாச்சி" என்று சொல்லியிருப்பார்கள்!

ஒன்றைத் தெளிவாகச் சொல்லிவிடுகிறேன், சிலருக்குப் பிடிக்காவிட்டாலும். தூக்கம் இல்லாமல், சோறு இறங்காமல், உயிர் வேண்டாம் என்று ஒருவர் பேசினால், நாமமும் சாற்றுங்கள், பதத் தண்ணீரும் கொடுங்கள், டாக்டரிடமும் கூட்டிப் போங்கள். அய்யா நோயாளியைத் தொட்டுக் குணமாக்கினாரே தவிர, நோயை மறைக்கச் சொல்லவில்லை. 14416 என்ற எண்ணுக்கு எந்த நேரமும் போன் செய்யலாம், காசு கிடையாது, தமிழில் பேசுவார்கள். 104-ம் உண்டு. குடியை மருந்தாக நினைத்துப் போனவர்களையும் நமக்குத் தெரியும். அதைப் பற்றித் தனியாக எழுத வேண்டும், இங்கே வேண்டாம்.

இப்போது நாங்கள் தாங்கலில் செய்துவருவதைச் சொல்கிறேன். பெரிய திட்டம் ஒன்றும் இல்லை. ஒரு நாற்பது பக்க நோட்டு வாங்கினோம். வருகிற ஆண்களின் பெயர், போன் எண், ஷிப்ட் நேரம், ஊரில் யார் இருக்கிறார்கள் என்று எழுதினோம். பணிவிடையாளர்கள் நாலு பேர் பங்கு போட்டுக்கொண்டு சனிக்கிழமை இரவு ஒவ்வொருவருக்கும் ஒரு போன். கம்பெனிக்காரர்களுக்கு ஒன்பது மணிக்கு, கடைக்காரர்களுக்குப் பதினொன்றுக்கு மேல்.

முதல் மாதம் சரியாக வரவில்லை. "நல்லா இருக்கீங்களா?" என்று கேட்டோம். எல்லோரும் "நல்லா இருக்கேன்" என்றார்கள். அந்தக் கேள்விக்கு அந்தப் பதில்தான் வரும் என்று புரிய எங்களுக்கு நாலு வாரம் ஆனது. பிறகு கேள்வியை மாற்றினோம். "இன்னைக்கு என்ன சாப்பிட்டீங்க? யாரோட உக்காந்து சாப்பிட்டீங்க?" என்று கேட்கிறோம். இரண்டாவது கேள்வியில் நிறையப் பேர் கொஞ்சம் நிறுத்துவார்கள். அவசரப்பட்டு நாம் பேசிவிடக் கூடாது. மூன்று முறை அடித்தும் எடுக்காவிட்டால் மறுநாள் காலை யாராவது ஒருவர் வண்டியை எடுத்துக்கொண்டு நேரில் போய்ப் பார்க்கிறோம். ஒருமுறை பட்டரவாக்கத்தில் அப்படிப் போனபோது ஒரு தம்பி மஞ்சள் காமாலையோடு ஐந்து நாளாகப் பாயில் கிடந்தார். அறைக்காரர்கள் தூங்குகிறார் என்று நினைத்திருக்கிறார்கள்.

எல்லோருக்கும் இது பிடிக்கவில்லை. "என்ன அண்ணாச்சி, பொம்பளை மாதிரி தினம் விசாரிச்சிக்கிட்டு" என்று ஒருவர் கேலி செய்தார். வாரம் ஒருமுறைதான் விசாரிக்கிறோம், தினமும் இல்லை என்று சொன்னேன். எங்கள் வீட்டில் என் மனைவி தன் அக்கா தங்கைகளோடு தினமும்தான் பேசுகிறாள். அவளுக்குச் சுமை குறைவு என்று யாரும் சொல்ல முடியாது, ஆனால் அவள் இரவில் தூங்குகிறாள்.

போன ஐப்பசியில் நல்ல மழை. ஆவடியில் இருக்கும் ஓய்வு பெற்ற பெரியவர் ஒருவருக்குப் போன் போட்டேன். மனைவி காலமாகி இரண்டு வருடம். மகன் வீட்டில் இருக்கிறார். மகனும் மருமகளும் நல்லவர்கள்தான், வேலைக்குப் போகிறவர்கள். "என்ன சாப்பிட்டீங்க அய்யா?" என்றேன். "தோசை" என்றார். "யாரோட?" என்றேன். மழைச் சத்தம் மட்டும் கேட்டது. பிறகு, "டிவியோட" என்றார். அதற்கப்புறம் முக்கால் மணி நேரம் பேசினார். பெரும்பாலும் டாங்கி எஞ்சின் பற்றித்தான் பேசினார். எனக்குப் பாதி புரியவில்லை. நடுவில் ஒருமுறை மட்டும் அவர் மனைவியின் பேரைச் சொன்னார். மறு ஞாயிறு முதல் ஆளாக வந்து அன்னதர்மத்துக்கு வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார். பக்கத்தில் கடைப்பையன்கள் இருவர் உட்கார்ந்து, எஞ்சின் கதையைக் கேட்டுக்கொண்டிருந்தார்கள்.

ஊருக்குப் போய்விட்ட அந்தத் தம்பியின் எண்ணும் நோட்டில் முதல் பக்கத்தில் இருக்கிறது. சனிக்கிழமை அவருக்கு நான்தான் போன் போடுகிறேன். சில வாரம் அவரே முந்திக்கொள்கிறார்.

நோட்டு பள்ளியறைக்கு வெளியே, எண்ணெய் வைக்கும் மேசையின் மேல் இருக்கும். பேனா நூலில் கட்டியிருக்கிறது, எடுத்துப் போய்விட வேண்டாம். உங்கள் எண் அதில் இல்லாவிட்டால் எழுதிவிட்டுப் போங்கள். எந்த நேரத்தில் பேச வசதி என்பதையும் குறியுங்கள். சனிக்கிழமை இரவு ஒரு மணி நேரம் போன் பேச முடிந்தவர்கள் இன்னும் மூன்று பேர் தேவை.

அய்யா உண்டு.